முதலில் நெருப்பு, பிறகு வாயு
கேஸ் ஓவனின் பைலட் சுடரை ஏற்றும் முறை பற்றி ஒரு சொற்பொழிவு

(தோட்டத் தொழிலாளர் குடும்பங்களுக்காகச் சங்கக் கிளை நடத்திய வகுப்பில், ரப்பர் தொழிற்சாலையில் பிட்டராக இருந்து ஓய்வு பெற்ற அங்கத்தினர் ஒருவர் பேசியதன் முழு வடிவம். வகுப்புக்கு வர இயலாதவர்களும் படித்துப் பயன் பெறும் பொருட்டு இங்கே வெளியிடுகிறோம்.)



எனக்கு மேடை ஏறிப் பேசிப் பழக்கமில்லை. என் கை ஸ்பேனர் பிடித்த கை. மைக் பிடித்த கையல்ல. ஆயினும், பெண்கள் பகுதியைச் சேர்ந்த சகோதரிகள் என்னிடம் வந்து, "அண்ணே, பழைய ஆயாக் கொட்டகையில் எல்லோரும் சேர்ந்து ரொட்டியும் கேக்கும் சுட்டு விற்பதற்காக ஒரு கேஸ் ஓவன் வாங்கியிருக்கிறோம். அதில் நெருப்பு வைக்கவே பயமாக இருக்கிறது. நீங்கள் வந்து சொல்லிக் கொடுக்க வேண்டும்" என்று கேட்டபோது, மறுக்க எனக்கு மனம் வரவில்லை. ஏன் வரவில்லை என்பதைப் பேச்சின் நடுவே சொல்வேன். அது என் வீட்டில் நடந்த விஷயம். பெருமைப்படக் கூடிய விஷயமல்ல.

விறகடுப்பு நமக்குத் தெரியும். நம்முடைய பாட்டிமார்கள் லயத்துக் குசினியில் காய்ந்த ரப்பர் விறகை வைத்து மூட்டிய அடுப்பு அது. மண்ணெண்ணெய் அடுப்பும் தெரியும். கேஸ் அடுப்பும் இன்று வீட்டுக்கு வீடு வந்துவிட்டது. ஆனால் ஓவன் என்பது வேறு சங்கதி. அடுப்பில் நெருப்பு நம் கண்ணெதிரே எரிகிறது. ஓவனிலோ அது ஒரு பெட்டிக்குள்ளே, தகட்டுக்குக் கீழே, பார்வைக்கு மறைவாக எரிகிறது. கண்ணுக்குத் தெரியாத நெருப்புக்கு இரண்டு பங்கு மரியாதை கொடுக்க வேண்டும்.

இங்கே உட்கார்ந்திருக்கும் பெரியவர்களுக்கு ஒன்றை நினைவூட்டுகிறேன். கேஸ் நமக்குப் புதியதல்ல. நம் தகப்பன்மார்கள் கேஸைத் தலையிலேயே சுமந்தவர்கள்! விடியுமுன்னே மரம் வெட்டப் போகையில் நெற்றியில் கட்டிக்கொண்ட கார்பைட் விளக்கைச் சொல்கிறேன். மேல் அறையில் தண்ணீர், கீழ் அறையில் கார்பைட் கல். தண்ணீர் சொட்டுச் சொட்டாகக் கல்லின் மேல் விழும்; அசிட்டிலீன் என்னும் வாயு கிளம்பும்; வெள்ளைப் பூண்டு போல ஒரு வாடை வரும். என் தகப்பனார் தண்ணீரைத் திறந்து, விளக்கின் வாயை உள்ளங்கையால் ஒரு கணம் மூடி, சக்கரத்தை உரசுவார். 'டப்' என்று சிறு சத்தத்தோடு விளக்கு எரியும். சின்னப் பையனாக இருந்த நான் அதே மாதிரி செய்து பார்க்க ஆசைப்பட்டு, கையை அதிக நேரம் மூடி வைத்துவிட்டேன். சத்தம் பெரிதாக வந்தது, உள்ளங்கை சுட்டது. அப்போது அவர் சொன்ன வார்த்தை ஒன்றுதான்: "கேஸைத் தேக்காதேடா!"

இன்று நான் பேசப் போவது முழுவதும் அந்த ஒரு வார்த்தைக்கு விளக்கந்தான். ஓடுகிற கேஸ் எரியும். தேங்குகிற கேஸ் வெடிக்கும்.

முதலில், பைலட் என்றால் என்ன? ஓவனின் அடித்தகட்டுக்குக் கீழே பெரிய பர்னர் ஒன்று நீளமாக இருக்கும். அதன் ஓரத்தில் விரல் நுனியளவு சிறு சுடர் ஒன்று எரியும்படி அமைத்திருப்பார்கள். அதுவே பைலட். பெரிய பர்னருக்குக் கேஸ் வரும்போதெல்லாம் அதைப் பற்ற வைப்பது இந்தச் சிறு சுடரின் வேலை. நாம் ஒவ்வொரு முறையும் தீக்குச்சி உரச வேண்டியதில்லை. வடலூரில் வள்ளலார் 1867-ஆம் ஆண்டு தருமசாலையைத் தொடங்கியபோது மூட்டிய அடுப்பை அணையா அடுப்பு என்று நம் மக்கள் போற்றுகிறார்கள் அல்லவா? பசித்தவன் எந்நேரம் வந்தாலும் அங்கே நெருப்பு ஆயத்தமாக இருக்க வேண்டும் என்பது கருத்து. பைலட்டும் அப்படித்தான். எந்நேரமும் ஆயத்தமாக நிற்கும் நெருப்பு.

அந்த நெருப்பு அணைந்து போனால் என்ன ஆகும்? பெரிய பர்னருக்குக் கேஸ் வரும். பற்ற வைக்க ஆள் இருக்காது. பெட்டிக்குள் கேஸ் தேங்கும். இதைத் தடுப்பதற்காகவே பைலட்டின் பக்கத்தில் ஒரு சிறு காவற்காரனை நிறுத்தியிருக்கிறார்கள். பென்சிலை விட மெல்லிய ஓர் உலோகக் குச்சி. அதன் நுனி எப்போதும் பைலட் சுடருக்குள் நிற்கும். அதற்குத் தெர்மோகப்பிள் என்று பெயர்.

இரண்டு வகை உலோகங்களை ஒன்றாக இணைத்து, இணைத்த முனையைச் சூடாக்கி மறுமுனையைக் குளிர்ச்சியாக விட்டால், அதில் சிறிதளவு மின்சாரம் பிறக்கும். 1821-ல் சீபெக் என்னும் அறிஞர் கண்டறிந்த உண்மை இது. பிறக்கும் மின்சாரம் மிகச் சொற்பம்; ஏறக்குறைய 20 முதல் 30 மில்லிவோல்ட்தான். நம் டார்ச் லைட் பாட்டரி ஒன்றில் இருப்பது 1,500 மில்லிவோல்ட். அதில் ஐம்பதில் ஒரு பங்கு கூடத் தேறுவது கஷ்டம். ஆனால் அந்தச் சொற்ப மின்சாரம் ஒரு சின்னக் காந்தத்தை உயிரோடு வைத்திருக்கிறது. அந்தக் காந்தம் கேஸ் வாயிலைத் திறந்தபடி பிடித்திருக்கிறது. பைலட் அணைந்தால் குச்சி குளிரும், மின்சாரம் நிற்கும், காந்தம் கைவிடும், ஸ்பிரிங் வாயிலை மூடிவிடும். இவ்வளவும் சுமார் ஒரு நிமிடத்தில் நடந்து முடியும். கேட்க ஆளில்லாத நள்ளிரவிலும் அந்தக் காவற்காரன் தன் கடமையைச் செய்கிறான்.

ஒரு நுட்பத்தை மட்டும் கவனியுங்கள். அந்தக் காந்தத்துக்கு, மூடிய வாயிலை இழுத்துத் திறக்கும் வலிமை கிடையாது. திறந்த வாயிலைப் பிடித்துக்கொள்ளும் வலிமை மட்டுமே உண்டு. ஆகவே முதலில் நாம்தான் நம் கையால் குமிழை அழுத்தித் திறக்க வேண்டும். குச்சி சூடேறும் வரை விடாமல் அழுத்தியிருக்க வேண்டும். "அழுத்தினால் எரிகிறது, கையை எடுத்தால் அணைகிறது" என்று பலர் சொல்வதற்குப் பெரும்பாலும் காரணம், அவர்கள் பொறுமையாக அழுத்தாததே.

இனி, என் வீட்டுக் கதையைச் சொல்கிறேன்.

பல ஆண்டுகளுக்கு முன் தீபாவளி நெருங்கிய சமயம். என் மனைவி கேக் சுட்டு விற்று நாலு காசு சேர்க்க ஆசைப்பட்டாள். பட்டணத்தில் ஒரு கடையில் பழைய ஓவன் ஒன்றை வாங்கினோம். கடையின் பெயர் இங்கே வேண்டாம். பைலட் நிற்கவில்லை என்று இரண்டாம் நாளே திருப்பி எடுத்துக்கொண்டு போனோம். கடைக்காரர் அரை மணி நேரத்தில் "சரி பண்ணியாச்சு" என்று கொடுத்தார். உண்மையில் அவர் செய்தது என்ன தெரியுமா? கெட்டுப்போன தெர்மோகப்பிளை மாற்றாமல், அந்த வாயில் மூடவே முடியாதபடி உள்ளே ஒரு கம்பித் துண்டைச் செருகி வைத்திருந்தார். காவற்காரனைக் கட்டிப் போட்டுவிட்டு, 'வீடு பத்திரம்' என்று சொல்வதற்கு ஒப்பான காரியம் அது!

அது எனக்குத் தெரியாது. ஏனெனில் நான் திறந்து பார்க்கவில்லை. தொழிற்சாலையில் ஷீட் உருட்டும் மெஷினுக்குக் காவல் தகடு இல்லாவிட்டால் துரையிடமே போய்ச் சண்டை போட்டவன் நான். என் சொந்தக் குசினியில் இருந்த மெஷினை, 'அது பொம்பளைகள் சமாசாரம்' என்று விட்டுவிட்டேன்.

மழைக்காலம். ஒரு மாலை பைலட் காற்றில் அணைந்திருக்கிறது. அவள் குமிழைத் திருகிவிட்டுத் தீப்பெட்டியை எடுத்திருக்கிறாள். பெட்டி நமத்துப் போயிருந்தது. முதல் குச்சி பற்றவில்லை. இரண்டாவது முறிந்தது. மூன்றாவது பற்றியது. அதற்குள் கிட்டத்தட்ட ஒரு நிமிடம் ஓடிவிட்டது. அவள் குனிந்து கையை உள்ளே நீட்டினாள்.

நான் வாசலில் உட்கார்ந்திருந்தேன். அரிசி மூட்டையை மேலேயிருந்து தொப்பென்று போட்டது போல ஒரு சத்தம். ஓடிப் போய்ப் பார்த்தால், அவள் சுவரோடு சாய்ந்து நிற்கிறாள். புருவம் இல்லை, முன் நெற்றி முடி சுருண்டு கிடக்கிறது, வலது முன்கை சிவந்து கொப்பளித்திருக்கிறது. அக்கம்பக்கத்தார் ஓடி வந்து, ஒருவர் பற்பசை தடவினார். இன்னொருவர் கிச்சாப் ஊற்றச் சொன்னார். இரண்டும் தவறு என்று பின்னாளில் ஆஸ்பத்திரியில் தெரிந்துகொண்டோம். தீக்காயத்துக்கு முதல் வைத்தியம் ஓடுகிற சாதாரணத் தண்ணீர். 20 நிமிடம் விடாமல் காட்ட வேண்டும். பிறகு சுத்தமான துணியால் மூடி டாக்டரிடம் போக வேண்டும்.

அன்றிரவு அவள் என்னிடம் ஒரு கேள்வி கேட்டாள். "ஏங்க, உங்களுக்கு இதெல்லாம் தெரியுந்தானே? எனக்கு ஏன் சொல்லித் தரலை?" அவ்வளவுதான். சகோதரர்களே, முப்பது ஆண்டுகளுக்கு மேல் ஆகியும் அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. இன்று இந்த மேடையில் நிற்பதுதான் என் பதில்.

கணக்கர்களும் கிராணிமார்களும் வந்திருக்கிறீர்கள். உங்களுக்காக ஒரு கணக்குச் சொல்கிறேன். நம் தோம்பில் இருப்பது புரொப்பேன், பியூட்டேன் என்னும் இரண்டு வாயுக்களின் கலவை. அழுத்தத்தினால் திரவமாக்கி அடைத்திருக்கிறார்கள். ஒரு பங்கு திரவம் வெளியே வந்தால் ஏறக்குறைய 250 பங்கு வாயுவாக விரியும். நூறு பங்கு காற்றில் இந்த வாயு சுமார் 2 பங்கு கலந்தாலே பற்றிக்கொள்ளும். வீட்டு ஓவன் பெட்டி 60 லிட்டர் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதில் நூற்றுக்கு இரண்டு என்றால் 1.2 லிட்டர் வாயு. அதைத் திரவமாகக் கணக்கிட்டால் 5 மில்லி லிட்டருக்கும் குறைவு. அதாவது மருந்து குடிக்கும் சிறு கரண்டி ஒன்று! அவ்வளவு போதும், ஒரு பெண்ணின் முகத்தைச் சுடுவதற்கு. பெரிய பர்னர் திறந்திருந்தால் அந்த அளவு வாயு ஒரு நிமிடத்துக்குள்ளேயே சேர்ந்துவிடும். நமத்துப் போன இரண்டு தீக்குச்சிகளின் நேரம் அது.

இன்னொன்று. நம் தோம்புக் கேஸ் காற்றைவிடக் கனமானது. புரொப்பேன் ஒன்றரை மடங்கு, பியூட்டேன் இரண்டு மடங்கு. ஆகவே அது புகையைப் போல மேலே போகாது. தண்ணீரைப் போலத் தரையில் படரும். பள்ளத்தைத் தேடி ஓடும். சாக்கடைக் கால்வாயில் இறங்கிப் பக்கத்து வீட்டு வாசலுக்குப் போகும். மோந்து பார்ப்பதாக இருந்தால் குனிந்து தரையோரம் மோந்து பாருங்கள். சிங்கப்பூரில் குழாய் வழி வரும் டவுன் கேஸ் காற்றைவிட இலேசானது. அது மேலே போகும். அங்கே பிள்ளைகள் வீட்டுக்குப் போகிறவர்கள் இந்த வேற்றுமையை மனத்தில் வையுங்கள்.

கேஸின் அந்த நாற்றம் கேஸுக்குச் சொந்தமானதல்ல என்பதையும் அறியுங்கள். 1937-ஆம் ஆண்டு மார்ச் 18-ஆம் நாள், அமெரிக்காவில் டெக்சஸ் மாநிலத்தின் நியூ லண்டன் என்னும் ஊரில், பள்ளிக்கூடக் கட்டிடத்தின் கீழே மணமற்ற இயற்கை வாயு கசிந்து தேங்கி வெடித்தது. ஏறக்குறைய 300 பேர், பெரும்பாலும் பிள்ளைகள், மாண்டனர். ஒருவருக்கும் வாடை தெரியவில்லை, தெரிந்திருந்தால் தப்பியிருப்பார்கள். அதன் பிறகே கேஸில் நாற்றப் பொருள் கலக்க வேண்டுமென்ற சட்டம் அங்கே வந்தது. நம் தோம்பிலும் மெர்காப்டன் என்ற நாற்றப் பொருளைக் கலந்தே அனுப்புகிறார்கள். அந்த நாற்றத்தை அலட்சியம் செய்யாதீர்கள். அது பிள்ளைகளைப் பறிகொடுத்த ஓர் ஊர் நமக்கு விட்டுச் சென்ற எச்சரிக்கை.

இப்போது முறையைச் சொல்கிறேன். எழுதத் தெரிந்தவர்கள் எழுதிக்கொள்ளுங்கள்.

முதலாவது: உங்கள் ஓவனில் பைலட் இருக்கிறதா என்று தெரிந்துகொள்ளுங்கள். புதிய ஓவன்கள் பலவற்றில் மின்பொறி தட்டிப் பற்றும் அமைப்பு இருக்கிறது. அவற்றில் தீக்குச்சிக்கு வேலையில்லை. பைலட் உள்ள ஓவனிலும் கம்பெனிக்குக் கம்பெனி குமிழ் வேறுபடும். கதவின் உட்புறமோ பின்புறமோ ஒட்டியிருக்கும் குறிப்பை முதலில் படியுங்கள். படிக்கத் தெரியாவிட்டால் படிக்கச் சொல்லிக் கேளுங்கள். நான் சொல்வதும் அந்தக் குறிப்பும் மாறுபட்டால் அந்தக் குறிப்பின்படியே செய்யுங்கள்.

இரண்டாவது: எல்லாக் குமிழ்களையும் மூடுங்கள். மேலே இருக்கும் அடுப்பின் குமிழ்களையுந்தான். ஜன்னலையும் கதவையும் திறந்து வையுங்கள். ஓவன் கதவையும் திறந்துவிட்டு ஐந்து நிமிடம் காத்திருங்கள். இந்த ஐந்து நிமிடத்தைத்தான் எல்லோரும் திருடுகிறார்கள். திருடாதீர்கள்.

மூன்றாவது: குனிந்து மோந்து பாருங்கள். வாடை இருந்தால் அன்று நெருப்பே வேண்டாம். தோம்பின் தலையில் இருக்கும் ரெகுலேட்டரை மூடுங்கள். விளக்கு சுவிட்சைப் போடவும் வேண்டாம், அணைக்கவும் வேண்டாம். இரண்டிலும் பொறி பறக்கும். மின்விசிறியையும் தொடாதீர்கள். பிள்ளைகளையும் வயதானவர்களையும் அழைத்துக்கொண்டு வெளியேறுங்கள். தள்ளிப் போய் நின்ற பிறகே 999-க்குப் போன் செய்து பொம்பாவைக் கூப்பிடுங்கள்.

நான்காவது: வாடை இல்லையென்றால் உங்களை ஆயத்தம் செய்துகொள்ளுங்கள். கூந்தலை முடிந்துகொள்ளுங்கள். முந்தானையைச் செருகிக்கொள்ளுங்கள். நைலான் துணி வேண்டாம். பிள்ளைகள் அறைக்கு வெளியே இருக்கட்டும். ஓவனுக்குள்ளே இருக்கும் கம்பித் தட்டையும் அடித்தகட்டையும் எடுத்துவிட்டு, பைலட் எங்கே இருக்கிறது என்று டார்ச் லைட்டால் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். டார்ச்சை வெளியிலேயே எரியவிட்டுக் கொண்டு வாருங்கள்.

ஐந்தாவது, இதுதான் உயிர்நாடி: முதலில் நெருப்பு, பிறகு வாயு. நீளமான தீக்குச்சியையோ நீண்ட மூக்குள்ள லைட்டரையோ பற்ற வைத்து, அது நன்றாக எரிகிறது என்று கண்ட பிறகு, சுடரைப் பைலட்டின் வாயருகே கொண்டு போங்கள். அதன் பிறகே குமிழைப் பைலட் அடையாளத்துக்குத் திருப்பி அழுத்துங்கள். வாயு வந்த கணமே பற்றிக்கொள்ளும், தேங்க நேரமிருக்காது. முகத்தைப் பெட்டிக்குள் நீட்டாமல் பக்கவாட்டில் நின்று செய்யுங்கள். குச்சி அணைந்துவிட்டால் உடனே குமிழை மூடுங்கள். "இதோ இன்னொரு குச்சி" என்று வாயுவை ஓட விட்டபடி தேடாதீர்கள்.

ஆறாவது: பைலட் பற்றிய பின்னும் குமிழை அழுத்திக்கொண்டே முப்பது வரை எண்ணுங்கள். அவசரப்படாமல், ஷீட்டுகளை எண்ணி அடுக்குவது போல எண்ணுங்கள். பிறகு மெதுவாகக் கையை எடுங்கள். சுடர் நின்றால் காவற்காரன் விழித்துக்கொண்டான் என்று பொருள். நிற்காமல் அணைந்தால் குமிழை மூடி, மறுபடியும் ஐந்து நிமிடம் காத்திருந்து செய்யுங்கள். புதுத் தோம்பு மாற்றியிருந்தால் குழாயில் காற்று அடைபட்டிருக்கும். பைலட் பற்றச் சற்றுத் தாமதமாகும். மூன்று முறை செய்தும் நிற்கவில்லையென்றால் அது உங்கள் கைக்குற்றமன்று. பைலட்டின் துளையில் தூசியோ சிலந்திக் கூடோ அடைத்திருக்கலாம், தெர்மோகப்பிள் கெட்டிருக்கலாம். தோம்பை மூடிவிட்டுத் தெரிந்தவரைக் கூப்பிடுங்கள்.

ஏழாவது: சுடரின் நிறத்தைப் பாருங்கள். நீலமாக, அசையாமல் நிற்க வேண்டும். மஞ்சளாக ஆடினால் காற்று சரியாகக் கலக்கவில்லை, கரி பிடிக்கும், நச்சுப் புகையும் வரும். அந்தக் கார்பன் மோனாக்சைடுக்கு வாடையே கிடையாது. எல்லாம் சரியாக இருந்தால், ஓவன் கதவைத் திறந்தபடியே வெப்பக் குமிழைத் திருப்பி, பெரிய பர்னர் முழு நீளத்துக்கும் பற்றுகிறதா என்று நின்று பாருங்கள். சில ஓவன்களில் பற்றுவதற்குச் சற்று நேரம் பிடிக்கும். ஒரு நிமிடமாகியும் பற்றாவிட்டால் மூடிவிடுங்கள். பற்றியதைக் கண்ணால் கண்ட பிறகே தகட்டைப் பொருத்த வேண்டும். தகட்டைப் பொருத்து முன் ஓவனை அணைத்து ஆறவிட மறவாதீர்கள்.

இத்தனையும் செய்தும் குழாயில் கசிவிருந்தால் பயனில்லை. சவர்க்காரத் தண்ணீரைக் குழைத்து, கேஸ் திறந்திருக்கும்போது குழாயின் இணைப்புகளில் தடவிப் பாருங்கள். குமிழி எழும்பினால் அங்கே கசிவு. தீக்குச்சி காட்டிச் சோதிக்கிற வழக்கம் சிலரிடம் இருக்கிறது. அது கண்ணைக் கட்டிக்கொண்டு கிணற்றில் இறங்குவதற்குச் சமம்.

குழாயைப் பற்றி ஒரு செய்தி சொன்னால் நீங்கள் ஆச்சரியப்படுவீர்கள். நாம் வெட்டும் பால்மரத்தின் ரப்பர் எத்தனையோ காரியங்களுக்குச் சிறந்தது. கார் டயர் முதல் டாக்டரின் கையுறை வரை அதில் ஆகிறது. ஆனால் தோம்புக் கேஸுக்கு அது ஆகாது! பெட்ரோலிய வகைப் பொருள்கள் பட்டால் இயற்கை ரப்பர் ஊறி உப்பிப் பலம் இழந்துவிடும். ஆகவேதான் கேஸ் குழாய்க்கு நைட்ரைல் போன்ற செயற்கை ரப்பரை உபயோகிக்கிறார்கள். 'ரப்பர் குழாய்தானே, நம் ஊர்ச் சரக்குத்தானே' என்று கைக்குக் கிடைத்த தண்ணீர்க் குழாயை மாட்டிவிடாதீர்கள். கேஸுக்கென்றே செய்த குழாயை வாங்கி, அதில் அச்சிட்டிருக்கும் தேதியைப் பார்த்து, காலம் கடந்தால் மாற்றுங்கள். தோம்பை நிமிர்த்தி வையுங்கள், படுக்க வைக்காதீர்கள், கால்வாய் ஓரத்தில் வைக்காதீர்கள்.

முடிக்குமுன் மூன்று வேண்டுகோள்.

கிராணிமார்களுக்கு ஒரு வேண்டுகோள். ஓவனில் ஒட்டியிருக்கும் குறிப்பு பெரும்பாலும் ஆங்கிலத்தில் இருக்கிறது. உங்களுக்கு அது ஐந்து நிமிட வேலை. அதைப் படித்து, பெரிய எழுத்தில் தமிழில் எழுதி, ஓவன் இருக்கும் சுவரில் ஒட்டிக் கொடுங்கள். அந்தக் காலத்தில் கடிதம் படித்துக் காட்டியும், மனு எழுதிக் கொடுத்தும் தோட்டத்து மக்களின் அன்பைப் பெற்ற கிராணிமார்கள் இருந்தார்கள். அந்த வேலை இன்னும் முடிந்துவிடவில்லை.

ஆண்களுக்கு ஒரு வேண்டுகோள். மெஷினைப் பற்றித் தெரிந்ததை வீட்டுக்குள்ளேயும் கொண்டு போங்கள். தொழிற்சாலையில் காவல் தகட்டைக் கழற்றி வைத்துவிட்டு வேகமாக வேலை செய்யச் சொன்னால் நாம் ஒப்புக்கொள்வதில்லை. அதே சட்டம் நம் குசினிக்கும் உண்டு. பழைய ஓவன் வாங்கினால், காவற்காரன் உயிரோடு இருக்கிறானா என்று தெரிந்தவரை வைத்துப் பார்த்துவிட்டு வாங்குங்கள். பைலட்டை அணைத்த பிறகு ஒரு நிமிடம் போலக் காத்திருந்து, வாயில் மூடும் 'டிக்' என்ற சத்தம் கேட்கிறதா என்று அவரைச் சோதிக்கச் சொல்லுங்கள். தெர்மோகப்பிள் விலை உயர்ந்த சாமானல்ல. அதை மாற்றாமல் கம்பி செருகித் தருகிறவரிடம் ஓவனை விட்டுவிட்டு வராதீர்கள்.

தாய்மார்களுக்கு ஒரு வேண்டுகோள். சின்ன விபத்தை மறைக்காதீர்கள். புருவம் கருகினால் வெட்கப்பட்டு முக்காடு போட்டுக்கொண்டு, 'எண்ணெய் தெறித்தது' என்று சொல்கிறோம். நீங்கள் மறைத்த சின்ன விபத்து, அடுத்த வீட்டில் பெரிய விபத்தாக வந்து நிற்கும். சங்கக் கூட்டத்தில் எழுந்து சொல்லுங்கள். ஒருவர் பட்ட சூடு நூறு பேருக்குப் பாடமாகட்டும். சங்கம் என்று ஒன்று எதற்காக இருக்கிறது?

தோட்டங்கள் பல செம்பனைக்கு மாறிவிட்டன. பால்மரத்தை விட்டு வந்த பெண்கள் பலர் மாவு பிசைந்து, ரொட்டி சுட்டு, பிள்ளைகளைப் படிக்க வைக்கிறார்கள். இந்தச் சகோதரிகள் வாங்கியிருக்கும் ஓவன் அவர்களுக்கு ஒரு சிறு தொழிற்சாலை. அதிலே யாருடைய கையும் சுடக் கூடாது.

கூட்டம் முடிந்ததும் எல்லோரும் ஆயாக் கொட்டகைக்கு வாருங்கள். நான் பக்கத்தில் நிற்பேன். ஆனால் தொட மாட்டேன். முதல் சுடரை ஏற்றப் போகிறவர் என் மனைவி. அவள் முப்பது வரை எண்ணுவாள். நீங்களும் கூடவே எண்ண வேண்டும்.